பையன் காலேஜ் ஃபுட்பால் ஆடப் போறானா? எங்க முதல் சீசன் கதை, செலவுக் கணக்கோட

ஒஹாயோ, இண்டியானா, பென்சில்வேனியா பக்கம் இருக்கிற நம்மாளுங்க வீட்லயும் இப்ப ஹைஸ்கூல்ல ஃபுட்பால் ஆடுற பசங்க அங்கங்க இருக்காங்க. ஹெல்மெட், ஷோல்டர் பேட் எல்லாம் மாட்டிக்கிட்டு மோதுற அந்த ஃபுட்பால்தான். எஸ்ஏடி கோச்சிங், ரோபோட்டிக்ஸ், அரங்கேற்றத்துக்கு ஹால், இதுக்கெல்லாம் வாட்ஸப் குரூப்ல ஒரு மெசேஜ் தட்டினா அடுத்த நிமிஷம் பதில் வந்துடும். பையன் டிவிஷன் த்ரீ, அதாவது காலேஜ் விளையாட்டுல மூணாவது மட்டத்துல இருக்கிற காலேஜ்ல, ஃபுட்பால் ஆடப் போறான்னு சொல்லிப் பாருங்க, "ஓ சூப்பர், ஸ்காலர்ஷிப்பா?"ன்னு ஒரு கேள்வி, அதோட சரி. 2024 சீசன், ஆகஸ்ட் கேம்ப்ல ஆரம்பிச்சு அடுத்த வருஷம் இன்சூரன்ஸ்காரங்களோட மல்லுக்கட்டினது வரைக்கும், எங்க வீட்டுக்காரர் டெக்சாஸ்ல ப்ராஜெக்ட்ல மாட்டிக்கிட்டதால நான் ஒருத்தியாவே ஓடினேன். பணம் போச்சு, தூக்கம் போச்சு, அதை விட யாராவது ஒருத்தர் முன்னாடியே ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமேங்கிற எரிச்சல்தான் இன்னும் போகல. அதான் நீளமா எழுதுறேன், பொறுத்துக்கோங்க.

முதல்ல அந்த ஸ்காலர்ஷிப் விஷயத்தை முடிச்சுடுவோம். டிவிஷன் த்ரீல விளையாட்டுக்குன்னு ஸ்காலர்ஷிப் கிடையவே கிடையாது, ஒரு டாலர் கூட. கொடுக்கிறதெல்லாம் மார்க்குக்கு மெரிட், இல்லன்னா குடும்ப வருமானத்தைப் பார்த்து. எங்க பையனுக்கு வந்த லெட்டர்ல வருஷம் 58,000 டாலர் செலவுல 27,000 மெரிட்னு போட்டிருந்தாங்க, சொந்தக்காரங்க எல்லாரும் அதை ஃபுட்பால் ஸ்காலர்ஷிப்னே ஊர் பூரா சொல்லிட்டாங்க, நானும் திருத்திப் பார்த்து விட்டுட்டேன். ஆனா இதுல நமக்கு நல்லது ஒண்ணு இருக்கு, அதை எந்தக் கோச்சும் வாயைத் திறந்து சொல்ல மாட்டாங்க. காலேஜ் விளையாட்டுக்கு விதி போடுற அமைப்பு என்சிஏஏ, அவங்க விதிப்படி டிவிஷன் த்ரீ காலேஜ் உதவித்தொகை முடிவு பண்றப்ப பையன் ஆடுறானா இல்லையாங்கிறதைக் கணக்குலயே எடுக்கக் கூடாது. அதாவது நாளைக்கே டீமை விட்டு வந்துட்டாலும் அந்த 27,000 அப்படியே இருக்கும், மார்க்கை மட்டும் காப்பாத்திக்கணும். இது தெரியாம முதல் வருஷம் முழுக்க பிடிக்காமலே ஆடிக்கிட்டிருந்த பசங்களை நான் பார்த்தேன், "விட்டா அப்பாவுக்கு செலவு கூடிடும் ஆன்ட்டி"ன்னு ஒருத்தன் எங்கிட்டயே சொன்னான். ஃபைனான்ஷியல் எய்ட் ஆஃபீஸுக்கு ஒரு ஈமெயில் போட்டு எழுத்துல வாங்கி வச்சுக்கோங்க.

ரெக்ரூட்டிங் எப்படி நடக்கும்னா, பையன் லெவன்த் படிக்கிறப்பவே ஈமெயில் கொட்ட ஆரம்பிச்சுடும். "உன் ஃபிலிம் பார்த்தேன், எங்க டிஃபென்ஸுக்கு நீ சரியா பொருந்துவே, எங்க கேம்ப்புக்கு வா." நாங்க பூரிச்சுப் போயிட்டோம். கேம்ப்புக்கு தலைக்கு 50, 75 டாலர், ஹோட்டல், பெட்ரோல், சில வீக்கெண்ட் ஒரே நாள்ல ரெண்டு காலேஜ். அதுக்கு மேல ஒரு ரெக்ரூட்டிங் சர்வீஸ்காரன் பேசியே 1,500 டாலர் கறந்துட்டான், அவன் செஞ்சது பையனோட ஹட்ல் வீடியோ லிங்க்கை ஈமெயில்ல அனுப்புனதுதான், அதை எங்க பையனே படுத்துக்கிட்டே பண்ணுவான். எல்லாம் சேர்த்து 3,000 டாலர் கிட்ட அந்த சம்மர்லயே காலி. ஒரு ஈமெயில் நிஜமா உங்க பையனுக்கு வந்ததா, ஆயிரம் பேருக்குப் போனதான்னு கண்டுபிடிக்க ஒரு சுலபமான வழி, கோச் ஃபோன் பண்ணாரா, ஸ்கூல் கோச்கிட்ட பேசினாரா, காலேஜ் அட்மிஷன் ஆஃபீஸ்ல மார்க் ஷீட்டை முன்கூட்டியே காட்டி எவ்வளவு மெரிட் வரும்னு கேட்டுச் சொன்னாரா. இது எதுவும் இல்லன்னா அது விளம்பரம்.

அப்புறம் அந்த சைனிங். ஸ்கூல் ஜிம்ல மேஜை போட்டு, காலேஜ் தொப்பி வச்சு, பையன் கையெழுத்து போட, நாங்க பட்டுப் புடவை கட்டாத குறைதான், ஃபோட்டோ எல்லாம் ஊருக்குப் போச்சு, எங்க மாமியார் கோயில்ல அர்ச்சனையே பண்ணிட்டாங்க. அந்தப் பேப்பருக்கு பேரே செலிப்ரேட்டரி சைனிங் ஃபார்ம். அது யாரையும் எதுக்கும் கட்டுப்படுத்தாது, காலேஜையும் சரி, நம்மளையும் சரி. ஃபோட்டோ எடுங்க, கேக் வெட்டுங்க, தப்பில்ல, ஆனா டீம்ல இடம் உறுதின்னு மட்டும் நினைச்சுடாதீங்க.

ஏன் இத்தனை பசங்களைக் கூப்பிடுறாங்கன்னு எனக்கு ரொம்ப நாள் விளங்கல. டிவிஷன் த்ரீல மட்டும் ஃபுட்பால் டீம் 240 கிட்ட இருக்கு, நிறைய டீம்ல நூறு பேருக்கு மேல. மைதானத்துல ஒரு நேரத்துல ஆடுறது 11 பேர். ஆயிரத்துச் சொச்சம் பேர் படிக்கிற ஒரு சின்ன பிரைவேட் காலேஜுக்கு நூத்தி இருபது ஃபுட்பால் பசங்கன்னா நூத்தி இருபது ஃபீஸ், நூத்தி இருபது ஹாஸ்டல் பெட், நூத்தி இருபது மெஸ் பில். அதுவும் ஆம்பளைப் பசங்க காலேஜுக்கு வர்றது குறைஞ்சுக்கிட்டே போற காலத்துல. இதுல ரகசியம் ஒண்ணும் இல்ல, சில காலேஜ் தலைவருங்க வெளிப்படையாவே சொல்றாங்க. மெயின் டீம்ல இடம் கிடைச்சுதோ இல்லையோ, காலேஜுக்கு உங்க பையன் ஒரு கஸ்டமர், அப்ப நாமளும் கஸ்டமர் மாதிரியே கேள்வி கேக்கணும். மூணு வருஷத்துக்கு முன்னாடி சேர்ந்த பசங்கள்ல எத்தனை பேர் இன்னும் டீம்ல இருக்காங்கன்னு கேளுங்க. அந்த வருஷ ரோஸ்டரும் இந்த வருஷ ரோஸ்டரும் காலேஜ் வெப்சைட்லயே இருக்கும், கோச் பதில் சொல்லாட்டி நாமளே உக்கார்ந்து பேர் பேரா டிக் அடிச்சுப் பார்க்கலாம். நான் அப்புறமா பார்த்தேன், நாப்பது பேர் சேர்ந்த பேட்ச்ல சீனியர் ஆனப்ப ஒம்போது பேர். கூடவே காலேஜோட பண நிலைமையையும் பாருங்க. 2024-ல பர்மிங்ஹாம் சதர்ன் காலேஜ் மே 31-ம் தேதியோட மூடினப்ப அவங்க பேஸ்பால் டீம் இங்க ஒஹாயோல டிவிஷன் த்ரீ ஃபைனல்ஸ் ஆடிக்கிட்டிருந்துச்சு. அதே வருஷம் கிளீவ்லாண்ட் பக்கத்துல நோட்ரடாம் காலேஜும் மூடிட்டாங்க, அது பெரிய நோட்ரடாம் யூனிவர்சிட்டி இல்ல, வேற. நல்லா ஆடுற டீம் இருக்கிறதால காலேஜ் நிலைச்சு நிக்கும்னு அர்த்தம் கிடையாது.

ஜூன் மாசம் ஒரு கத்தை ஃபார்ம் வந்துச்சு. மெடிக்கல் செக்கப் ஆறு மாசத்துக்குள்ள எடுத்ததா இருக்கணும். சிக்கிள் செல் ட்ரெயிட், பரம்பரையா வர்ற ஒரு ரத்தக் குறை, அதுக்கு எடுத்த டெஸ்ட் ரிசல்ட் கேப்பாங்க. இங்க பொறந்த பசங்களுக்கு பொறந்தப்பவே ஆஸ்பத்திரில எடுத்த ஸ்க்ரீனிங் ரிசல்ட் இருக்கும், பீடியாட்ரிஷியன்கிட்ட கேட்டா தருவாங்க. எங்க பையன் கோயம்புத்தூர்ல பொறந்தவன், அவனுக்கு அதெல்லாம் கிடையாது, புதுசா ரத்தம் எடுத்து, லேப் ரிசல்ட் கேம்ப்புக்கு முந்தின நாள்தான் வந்துச்சு. உங்க குழந்தையும் ஊர்ல பொறந்திருந்தா மே மாசமே எடுத்துடுங்க. அந்தக் கத்தைலயே இன்சூரன்ஸ் பத்தி ரெண்டு பக்கம் பொடி எழுத்துல இருந்துச்சு, கார்டு காப்பியை முன்னும் பின்னும் ஸ்கேன் பண்ணி கையெழுத்து போட்டு அனுப்புங்கன்னாங்க, அனுப்பினேன். அந்த ரெண்டு பக்கத்துல என்ன இருந்துச்சுங்கிறதுதான் மிச்ச கதை, வர்றேன்.

ஆகஸ்ட் கேம்ப் நல்லாத்தான் போச்சு. முதல் ரெண்டு நாள் ஹெல்மெட் மட்டும், அடுத்த ரெண்டு நாள் ஷோல்டர் பேட், அஞ்சாவது நாள்தான் முழு பேட், இது உடம்பு வெயிலுக்குப் பழகணும்னு என்சிஏஏ போட்டிருக்கிற விதி, எங்க காலேஜ் அதை ஒழுங்கா செஞ்சாங்க. பையன் ராத்திரி ஃபோன் பண்ணி "அம்மா, ப்ராக்டிஸுக்கு முன்னாடி ஒரு தடவை, பின்னாடி ஒரு தடவை வெயிட் பாக்குறாங்கம்மா, தண்ணி எவ்வளவு போச்சுன்னு"ன்னு சொன்னப்ப கொஞ்சம் நிம்மதியா இருந்துச்சு. வாய் நிறைய பேசினான். பத்து பேர் அவன் பொசிஷன்லயே இருக்காங்க, ரூம்மேட் அப்பலாச்சியா பக்கத்துப் பையன், தயிர் சாதத்தை ஃப்ரிட்ஜ்ல பார்த்து இது என்ன புட்டிங்கான்னு கேட்டான், இப்படி.

செப்டம்பர் முதல் சனிக்கிழமை ஹோம் கேம். எங்க பையன் நம்பர் 27. கேம்ல நாலாவது ப்ளேலயே 27 ஒருத்தனை விழுத்தாட்டினான் பாருங்க, நான் எழுந்து நின்னு கத்தின கத்துல முன் வரிசைல இருந்த ஒரு பாட்டி திரும்பிப் பார்த்து கட்டை விரலைத் தூக்கிக் காட்டினாங்க. ரெண்டாவது க்வார்ட்டர்ல அந்த 27 ஹெல்மெட்டைக் கழட்டுறான், பொன் நிற முடி. டீம்ல நூத்தி இருபது பேர் இருக்கிறதால ரெண்டு பேருக்கு ஒரே நம்பர் கொடுப்பாங்களாம், ரெண்டு பேரும் ஒரே நேரத்துல மைதானத்துல இருக்கக் கூடாது, அவ்வளவுதான் விதி. நான் கத்தினது சீனியர் லைன்பேக்கருக்கு. என் புள்ளை சைட்லைன்ல கடைசில, ஜெர்சில ஒரு துளி புல் கறை இல்லாம நின்னுக்கிட்டிருந்தான். அந்தப் பாட்டி அந்த லைன்பேக்கரோட பாட்டி! அதுக்கப்புறம் அவங்கதான் எனக்கு ஸ்டேடியம்ல துணை, அது வேற விஷயம். அன்னைக்கு ஜெயிச்சோம், 24-17. அந்த ராத்திரி வீட்டுக்குப் போற வழியெல்லாம் நான் கனவு கண்டேன், இந்த டிவிஷன்ல ஃபைனலுக்கு அமோஸ் அலோன்ஸோ ஸ்டாக்னு ஒரு பழைய கோச் பேர்ல ஸ்டாக் பௌல்னு பேரு, 2024-ல இருந்து ப்ளேஆஃபுக்கு 40 டீம் எடுக்கிறாங்க, நம்ம டீமும் போனா என்னன்னு. சிரிக்காதீங்க.

அடுத்த வாரம் வெளியூர் கேம். நான் லீவு போட்டு நாலு மணி நேரம் ஓட்டிக்கிட்டுப் போனேன். பையன் பஸ்லயே ஏறல. வெளியூர் கேமுக்கு அறுபது பேர் கிட்டதான் கூட்டிட்டுப் போவாங்களாம், லிஸ்ட் வியாழக்கிழமைதான் ஒட்டுவாங்களாம். அவனுக்கு வெக்கம், எங்கிட்ட சொல்லல, "அம்மா நீ ஏன் கேக்காம போனே"ன்னு என்கிட்டயே கோச்சுக்கிட்டான். அதனால ஒண்ணு, ட்ராவல் ரோஸ்டர்ல எத்தனை பேர், லிஸ்ட் என்னைக்கு வரும்னு கேம்ப் அன்னைக்கே கேட்டுடுங்க, ஹோட்டலை கேன்சல் பண்ணா காசு திரும்ப வர்ற மாதிரி மட்டும் போடுங்க. நான் பறிகொடுத்தது 180 டாலர்.

சீசன் மளமளன்னு சரிஞ்சுது. ரெண்டாவது தோல்வி, மூணாவது, ஒரு டீம் எங்க மேல அறுபது பாயிண்ட் போட்டான். ஒஹாயோல டிவிஷன் த்ரீ ஃபுட்பால்னாலே அலையன்ஸ் ஊர்ல இருக்கிற மவுண்ட் யூனியன்தான், 13 தேசிய சாம்பியன்ஷிப், லேரி கேரஸ்னு அவங்க பழைய கோச் 332 ஜெயிச்சு வெறும் 24 தோத்தவர், ஃபிலடெல்ஃபியா ஈகிள்ஸ் கோச் நிக் சிரியானி கூட அங்க ஆடின பையன்தான். ரெக்ரூட்டிங் பேசுற எல்லா கோச்சும் இந்த மாதிரி கதை ஒண்ணு வச்சிருப்பாங்க, ஹோபர்ட் காலேஜ்ல இருந்து அலி மார்பெட் 2015-ல என்எஃப்எல், அந்தத் தொழில்முறை லீக் ஆளெடுக்கிற ட்ராஃப்ட்ல செகண்ட் ரவுண்ட்லயே போனான்னு சொல்லுவாங்க. உண்மைதான். டிவிஷன் த்ரீல இருந்து அதுக்கு மேல உயரத்துல எவனும் எடுக்கப்படல, இத்தனை ஆயிரம் பசங்கள்ல. அந்தப் பாதியை யாரும் சொல்றதில்ல.

மெயின் கேம்ல ஆடாத பசங்களுக்கு ஜேவி கேம்னு ஒண்ணு ஞாயிறு, திங்கள்ல வைப்பாங்க. டிக்கெட் கிடையாது, பேண்ட் கிடையாது, பாதி நேரம் வெப்சைட்ல ஸ்கோர் கூட வராது. ஆனா மோதல் அதே மோதல். அக்டோபர் நடுவுல ஒரு திங்கள் சாயங்காலம், நான் ஆபீஸ்ல மீட்டிங்ல இருக்கேன், பையன் ஃபோன். "அம்மா, பயப்படாத. முட்டி ஒரு மாதிரி இருக்கு." பயப்படாதன்னு ஆரம்பிச்சா எந்த அம்மா பயப்படாம இருப்பா. யாரும் அவனை இடிக்கல, ஓடிக்கிட்டே திரும்பினான், காலு நட்டுக்கிச்சு, முட்டி உள்ளுக்குள்ள பட்டுன்னு சத்தம். கூட ஆடினவனுக்கே கேட்டுச்சாம். ஏசிஎல், முட்டிக்குள்ள எலும்பைப் பிடிச்சிருக்கிற நார், கிழிஞ்சிருக்கும்னு டீம்ல காயங்களைப் பார்த்துக்கிற அத்லெடிக் டிரெய்னர் அப்பவே கையால இழுத்துப் பார்த்து ஊகிச்சுட்டாங்க, எம்ஆர்ஐ பின்னாடிதான் உறுதி பண்ணுச்சு, கூடவே முட்டிக்குள்ள மெத்தை மாதிரி இருக்கிற மெனிஸ்கஸும் கிழிஞ்சிருக்கு.

நான் அந்த டிரெய்னரைக் கூப்பிட்டேன். ரொம்ப மரியாதையா, "அவனுக்கு 18 ஆயிடுச்சு, அவன் எழுத்துல அனுமதி கொடுக்காம உங்ககிட்ட நான் எதுவும் பேச முடியாது"ன்னாங்க. ஆஸ்பத்திரிலயும் அதே பாட்டு. பெத்து வளர்த்து, இன்சூரன்ஸ் பிரீமியம் கட்டி, பில்லும் என் பேர்ல வரும், ஆனா முட்டில என்ன ஆச்சுன்னு சொல்ல மாட்டாங்க. வலி மாத்திரை மயக்கத்துல இருக்கிற பையன்கிட்ட கேட்டா "ஏதோ சொன்னாங்கம்மா"ங்கிறான். அன்னைக்கு ராத்திரி காரை எடுத்துக்கிட்டு மழைல ரெண்டு மணி நேரம் ஓட்டினப்ப அழுதேன், கோபத்துலதான் அதிகம். பையனுக்கு 18 முடிஞ்ச வாரமே வைத்திய விவரத்தை நம்மகிட்ட சொல்றதுக்கு ஹிப்பா அனுமதி ஃபார்ம் ஒண்ணு, அவனால முடியாதப்ப நாம முடிவெடுக்க ஹெல்த்கேர் பவர் ஆஃப் அட்டர்னி ஒண்ணு, ரெண்டும் எழுதி ஃபோன்ல பிடிஎஃப்பா வச்சுக்கோங்க. காலேஜ் ஹெல்த் சென்டருக்கும் டிரெய்னர் ரூமுக்கும் தனித்தனியா ஃபார்ம் இருக்கும், ரெண்டுலயும் கையெழுத்து வாங்கணும். ஃபுட்பால் ஆடாத பசங்களுக்கும் இது வேணும், பொண்ணுங்களுக்கும்தான்.

இப்ப அந்தப் பொடி எழுத்து. காலேஜ் டீம்ல ஆடுறப்ப அடிபட்டா காலேஜ் பார்த்துக்கும்னுதான் நம்ம எல்லாரும் நினைக்கிறோம். நிறைய சின்ன காலேஜ்ல இருக்கிறது செகண்டரி பாலிசி. முதல்ல நம்ம இன்சூரன்ஸ் கட்டணும், அது கட்டாத மிச்சத்துக்குத்தான் அவங்க, அதுவும் அவங்க கண்டிஷன்படி. என்சிஏஏவே ஒரு பெரிய பாலிசி வச்சிருக்கு, ஆனா அது 90,000 டாலரைத் தாண்டின பயங்கரமான கேஸுக்கு மட்டும். ஏசிஎல் எல்லாம் அதுல வராது. எங்க பிளான் ஹை டிடக்டிபிள், அதாவது இன்சூரன்ஸ் கட்ட ஆரம்பிக்கிறதுக்கு முன்னாடி நம்ம கைல இருந்து கட்ட வேண்டியது பெரிய தொகை, இன்சூரன்ஸோட ஒப்பந்தம் இருக்கிற டாக்டருங்க நெட்வொர்க்குக்குள்ள 6,000, வெளில போனா தனியா 12,000. காலேஜ் ஊர்ல இருக்கிற ஆர்த்தோ குரூப் எங்க நெட்வொர்க்லயே இல்ல. டிரெய்னர் நல்ல எண்ணத்துலதான் அவங்ககிட்ட அப்பாயின்மெண்ட் வாங்கிக் கொடுத்தாங்க, ஒரு கன்சல்டேஷன், ஒரு எம்ஆர்ஐ, 3,100 டாலர் பில், அது முழுக்க நெட்வொர்க் வெளிக் கணக்குல போயிடுச்சு. அதே எம்ஆர்ஐ எங்க ஊர்ல தனி இமேஜிங் சென்டர்ல 550-க்கு எடுத்திருக்கலாம்னு அப்புறம் விசாரிச்சப்ப தெரிஞ்சுது. காலேஜ் முடிவு பண்றதுக்கு முன்னாடியே உங்க இன்சூரன்ஸ் வெப்சைட்ல அந்த ஊர் ஜிப் கோடு போட்டு ஆர்த்தோ டாக்டர், ஆஸ்பத்திரி, இமேஜிங் யார் யார் இருக்காங்கன்னு பாருங்க. நெட்வொர்க்குக்குள்ள மட்டும் கட்டுற ஹெச்எம்ஓ பிளான்காரங்க இன்னும் கவனமா இருக்கணும், வேற ஸ்டேட்ல பெரும்பாலும் எமர்ஜென்சிக்கு மட்டும்தான் கட்டுவாங்க.

நவம்பர்ல சீனியர் டே கேம். பையன் ஊன்றுகோலோட சைட்லைன்ல. போக மனசே இல்ல, ஆனா ஸ்டேடியம் பார்க்கிங்ல எல்லாரும் கூடிச் சாப்பிடுற டெயில்கேட்டுக்கு சிக்கன் 65 கொண்டு வர்றேன்னு அந்தப் பாட்டிக்கு முன்னாடியே சொல்லிட்டேன், ரெண்டு அலுமினிய ட்ரே பொரிச்சு எடுத்துக்கிட்டுப் போனேன், ஆஃபென்சிவ் லைன் பசங்க அஞ்சு நிமிஷத்துல துடைச்சு வச்சுட்டாங்க. அங்கதான் ஒரு லைன்மேனோட அம்மா, ஸ்கூல் நர்ஸ், அவங்க மூத்த பையனுக்கு தோள் கழண்டு இதெல்லாம் பார்த்தவங்க, என்கிட்ட "செகண்டரி க்ளெய்ம் போட்டுட்டீங்களா? தொண்ணூறு நாள்தான் டைம்"னாங்க. எனக்குத் தூக்கிவாரிப் போட்டுச்சு. காலேஜ்ல ஒருத்தரும் சொல்லல. அவங்க பேப்பர் ப்ளேட் பின்னாடி எழுதிக் கொடுத்தாங்க, டிரெய்னர்கிட்ட இன்ஜுரி ரிப்போர்ட், எதுக்கு எவ்வளவு கட்டினோம்னு நம்ம இன்சூரன்ஸ் அனுப்புற ஈஓபி பேப்பர் ஒவ்வொண்ணும், ஆஸ்பத்திரில இருந்து யூபி-04, டாக்டர்கிட்ட இருந்து சிஎம்எஸ்-1500. நமக்கு வீட்டுக்கு வர்ற "இவ்வளவு பாக்கி"ங்கிற பில்லை அனுப்பினா தூக்கிப் போட்டுடுவாங்க, இந்த ரெண்டு ஃபார்ம்தான் செல்லும், கேட்டு வாங்கணும், தானா வராது. அந்த ப்ளேட்டை ஓரத்துல எண்ணெய்க் கறையோட இன்னும் ஃபைல்ல வச்சிருக்கேன். அன்னைக்கு டீம் ஜெயிச்சுது, சீசன்ல ரெண்டாவது வெற்றி, 2-8ன்னு முடிஞ்சுது, சீனியர் பசங்க அழுததைப் பார்த்தா ஏதோ கோப்பை ஜெயிச்ச மாதிரிதான் இருந்துச்சு.

ஆபரேஷனுக்கு அவசரப்பட வேணாம்னு டாக்டரே சொல்லிட்டார், வீக்கம் வடிஞ்சு முட்டி முழுசா நீட்ட வரணும், அதுக்குள்ள பண்ணா அப்புறம் முட்டி இறுகிடும். எங்க ஊர்ல நெட்வொர்க் சர்ஜன். அவர் ஆபீஸ்ல ஜனவரி ரெண்டாவது வாரம் தேதி கொடுத்தாங்க. நான் விடல. டிடக்டிபிள் ஜனவரி 1 ஆனா திரும்ப சைபர்ல இருந்து ஆரம்பிக்கும், எமர்ஜென்சி ரூம்ல கட்டினது எல்லாம் 2024 கணக்குல இருக்கு, ஆபரேஷன் ஜனவரில போனா இன்னொரு 6,000 புதுசா கட்டணும். தினம் காலைல ஃபோன் பண்ணி யாராவது கேன்சல் பண்ணாங்களான்னு கேட்டு கேட்டு, டிசம்பர்ல செமஸ்டர் எக்ஸாம் முடிஞ்ச வாரம் இடம் வாங்கிட்டேன். கோட்டை விடாத ஒரே விஷயம் இதுதான்னு எனக்கு இன்னும் பெருமை. கிழிஞ்ச நாருக்குப் பதிலா வைக்கிற கிராஃப்ட் உடம்புல எதுல இருந்து எடுக்கிறதுன்னும் கேப்பாங்க, முட்டிச் சிப்பிக்குக் கீழ இருக்கிற பட்டெல்லர் டெண்டன்ல எடுத்தா உறுதி, ஆனா மண்டி போட்டா ரொம்ப நாள் வலிக்கும். பையன் கோயில்ல விழுந்து கும்பிடுறதுக்கு அது பரவாயில்லைன்னுட்டான், ஃபுட்பாலுக்குத்தான் அவன் கவலை.

ஆபரேஷன் வரைக்கும் காலேஜ்ல ஊன்றுகோலோட மூணாவது மாடி, லிஃப்ட் இல்லாத பழைய கட்டடம். கீழ் மாடி ரூம் கோச் கொடுக்க முடியாது, டிஸபிலிட்டி சர்வீஸஸ்னு ஒரு ஆஃபீஸ், அங்க டாக்டர் லெட்டரோட போகணும், போனா ரெண்டு நாள்ல மாத்திட்டாங்க, க்ளாஸுக்குப் போக கோல்ஃப் கார்ட் கூட வந்துச்சு. அதுக்கு முன்னாடி மூணு வாரம் அவன் உக்கார்ந்து உக்கார்ந்து படி இறங்கியிருக்கான். இன்னொண்ணு, வலில ஒரு க்ளாஸை ட்ராப் பண்ணிடலாம்னு பார்த்தான். 12 கிரெடிட்டுக்குக் கீழ போனா ஃபுல் டைம் ஸ்டூடண்ட் இல்ல, மெரிட்ல கை வைப்பாங்க. நல்ல வேளை கேட்டுட்டு, ட்ராப் பண்ணாம ஒரு பேப்பர்ல இன்கம்ப்ளீட் வாங்கி ஜனவரில எழுதினான்.

ஜனவரில பில் மழை. அதுல ஒண்ணு மயக்க மருந்து டாக்டர், 2,400 டாலர், அவர் மட்டும் நெட்வொர்க்ல இல்லையாம். ஆஸ்பத்திரி நெட்வொர்க்ல இருந்து, உள்ள வந்த அனஸ்தீசியா டாக்டர் இல்லன்னா அந்த மிச்சத்தை நம்ம தலைல கட்டக் கூடாதுன்னு 2022-ல இருந்து சட்டம் இருக்கு, நோ சர்ப்ரைசஸ் ஆக்ட். அந்தப் பேரை மட்டும் சொல்லி ஒரு லெட்டர் போட்டேன், பில் 210 ஆயிடுச்சு. ஆனா ரோட்ல போற ஆம்புலன்ஸுக்கு இந்தச் சட்டம் பொருந்தாது, பெரிய பில் வரலாம், அதனால நிஜ எமர்ஜென்சியா இல்லன்னா கார்லயே போங்க. பிசியோதெரபிக்கு எங்க பிளான்ல வருஷத்துக்கு முப்பது விசிட்தான். காலேஜ் டிரெய்னர் ரூம்ல ரீஹேப் ஃப்ரீ, அதுக்குத்தான் அவங்க இருக்காங்க, சர்ஜனோட ப்ரோட்டோகால் பேப்பரை அவங்ககிட்ட கொடுத்துட்டா வாரம் மூணு நாள் அங்கயே பண்ணிடலாம். அந்த டிரெய்னர் பொண்ணு, ஒத்தை ஆளா நாலு டீமைப் பார்த்துக்கிறவ, காலைல ஆறரைக்கு வந்து எங்க பையனுக்காகக் கதவைத் திறந்து விட்டா. காலேஜ் மேல எனக்கு எவ்வளவு கோபம் இருந்தாலும் அவளுக்கு ஒரு குறையும் சொல்ல மாட்டேன்.

செகண்டரி இன்சூரன்ஸ்காரங்க க்ளெய்மை முதல்ல திருப்பி அனுப்பினாங்க, ஒரு ஈஓபி இல்லைன்னு. அப்புறம் டேட் ஆஃப் இன்ஜுரி ஒரு ஃபார்ம்ல ஞாயிறு, ஒண்ணுல திங்கள்னு. அப்புறம் ரெண்டு மாசம் சத்தமே இல்ல. ஒவ்வொரு ஃபோனுக்கும் தேதி, பேசினவங்க பேரு, ரெஃபரன்ஸ் நம்பர் ஒரு நோட்ல எழுதினேன், அந்த நோட்டைப் படிச்சுக் காட்டினப்பதான் சூப்பர்வைசர் லைனுக்கு வந்தாங்க. கைல இருந்து போனது மொத்தம் 10,900 டாலர் கிட்ட, அதுல 6,300 திரும்ப வந்துச்சு. மிச்சம் ஹெச்எஸ்ஏ, வைத்தியச் செலவுக்குன்னு வரி இல்லாம சேர்த்து வைக்கிற கணக்கு, அதுல இருந்து. நான் எடுத்த லீவு, ஓட்டின பெட்ரோல் இதுல இல்ல. எங்க பாலிசி அடிபட்ட நாள்ல இருந்து 104 வாரம் வரைக்கும் கட்டும், அதனால ஃபைலை இன்னும் மூடல, நீங்களும் முதல் செக் வந்ததும் மூடிடாதீங்க, ஒரு வருஷம் கழிச்சு வர்ற செக்கப் பில்லும் போடலாம்.

இனி ஆடுவானான்னு எல்லாரும் கேக்குறாங்க. நான் வேணாம்னேன், அவங்க அப்பா அவன் இஷ்டம்னார், ஊர்ல இருக்கிற அவன் பாட்டி ஃபோன்லயே அழுதாங்க. அவன் ஒம்போது மாசம் முடிஞ்சு, ஒத்தைக் கால்ல குதிக்கிற டெஸ்ட் எல்லாம் பாஸ் பண்ணிட்டுதான் சொல்லுவேன்னுட்டான். மெரிட் போகாதுன்னு அவனுக்கு இப்ப தெரியும், அதனால ஆடினாலும் அவன் ஆசைக்குத்தான் ஆடுவான், அந்த மட்டும் எனக்குப் போதும். இந்த வருஷ இன்சூரன்ஸ் ஃபார்ம் வந்திருக்கு, அதே பொடி எழுத்து. பிளானை நெட்வொர்க் வெளிலயும் ஓரளவு கட்டுற பிபிஓக்கு மாத்தியாச்சு, மாசம் 140 டாலர் கூட. பிரிண்ட் எடுத்து மஞ்சள் மார்க்கரால கோடு போட்டுக்கிட்டிருக்கேன், ரெண்டாம் பக்கத்துல ஒரு வரி புரியல, நாளைக்கு காலைல காலேஜுக்கு ஃபோன் பண்ணனும்.